கண்ணீருக்கும் கணக்கு வைத்த கிரகம்

ஒரு பேரீச்ச மரம் வாடாமல் நிற்க வேண்டுமானால் நாளொன்றுக்கு 40 லிட்டர் தண்ணீர் வேண்டும். ஒரு மனிதனுக்கு 8 லிட்டர் போதும். ஆகவே ஒரு மரம் ஐந்து மனிதருக்குச் சமானம். மாளிகை வாசலில் இருபது மரங்கள் நிற்கின்றன. அப்படியானால் அவை எத்தனை பேருடைய தண்ணீரைக் குடிக்கின்றன?

நூறு பேருடைய தண்ணீரை. மூன்றாம் வகுப்புப் பையன்கூட விரல் விட்டுச் சொல்லிவிடுவான். ஆனால் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுகிறவர் பள்ளிக்கூட வாத்தியார் அல்ல. ஒரு பிரபு குடும்பத்தின் வைத்தியர். கேட்டுக்கொண்டு நிற்கிறவள் அந்த மாளிகைக்குப் புதிதாகக் குடி வந்திருக்கும் எஜமானி. ஜன்னல் வழியாக அவள் தெருவைப் பார்க்கிறாள். போகிற ஜனங்கள் ஒவ்வொருவரும் அந்த மரங்களை ஒரு முறை உற்றுப் பார்த்துவிட்டே போகிறார்கள். சிலர் முகத்தில் பொறாமை. சிலர் முகத்தில் துவேஷம். சிலர் முகத்தில் மட்டும், என்றைக்காவது நமக்கும் ஒரு நாள் வரும் என்பது போன்ற நம்பிக்கை.

இந்த மாளிகை நம் பூமியில் எங்கும் இல்லை, நேயர்களே. அராக்கிஸ் என்ற கிரகத்தில் இருக்கிறது. அந்தக் கிரகமோ பிராங்க் ஹெர்பர்ட் என்ற அமெரிக்க ஆசிரியரின் 'டியூன்' என்ற நாவலில் இருக்கிறது. 1965-ல் புத்தகமாக வெளிவந்த நாவல் இது. டியூன் என்றதும் சங்கீத மெட்டு என்று எண்ணிவிட வேண்டாம். ஆங்கிலத்தில் மணற்குன்றுக்கு அந்தப் பெயர்.

கற்பனைக் கிரகங்களுக்கு உலக இலக்கியத்தில் பஞ்சமே கிடையாது. ஆனால் அவற்றில் பெரும்பாலானவை நாடகக் கொட்டகையில் தொங்கும் பின்திரை மாதிரிதான். அரண்மனைக்கு ஒரு திரை, காட்டுக்கு ஒரு திரை. சீன் மாறினால் சுருட்டி வைத்துவிடலாம். அராக்கிஸ் அப்படிச் சுருட்டக்கூடியதல்ல. கதையில் வருகிற சக்கரவர்த்தி, பிரபுக்கள், வியாபாரிகள், சந்நியாசினிகள் எல்லாரையும் ஆட்டி வைப்பது அந்தக் கிரகமே. அதுவும் எப்படி ஆட்டி வைக்கிறது? நம் வீட்டுப் பெண்கள் விடியற்காலையில் குழாயடியில் போடுகிற கணக்கைக் கொண்டுதான். தண்ணீர் எவ்வளவு இருக்கிறது? யாருக்கு எவ்வளவு? ராஜ்யங்கள் கவிழ்வதெல்லாம் இந்தக் கணக்கில்தான்.

அராக்கிஸ் எந்தச் சூரியனைச் சுற்றுகிறது தெரியுமா? நாவலின் பின்னால் ஆசிரியர் ஓர் அகராதி சேர்த்திருக்கிறார். கானோபஸ் என்ற நட்சத்திரத்தின் மூன்றாவது கிரகம் என்று அதில் போட்டிருக்கிறது. கானோபஸ் வேறு யாருமல்ல, நம்முடைய அகஸ்திய நட்சத்திரமேதான்! சமுத்திரத்தை ஒரே ஆசமனத்தில் குடித்துத் தீர்த்த குறுமுனிவருடைய நட்சத்திரம். அதைச் சுற்றி வருகிற கிரகத்தில் ஆறில்லை, ஏரியில்லை, மழையில்லை. பொருத்தம் பிரமாதமாக இல்லையா? ஹெர்பர்ட் நம் புராணத்தைப் படித்துவிட்டு எழுதினார் என்று நான் சாதிக்க மாட்டேன். தானாக அமைந்த பொருத்தம் என்றே வைத்துக்கொள்ளலாம். பிப்ரவரி மாதத்தில் இரவு ஒன்பது மணி சுமாருக்கு மொட்டை மாடிக்குப் போய்த் தெற்கே பாருங்கள். நட்சத்திரங்களுக்குள் மிகவும் பிரகாசமான ஸிரியஸுக்குக் கீழே, அடிவானத்துக்கு மேல் கொஞ்ச உயரத்தில், அதற்கு அடுத்தபடியாக ஜொலிப்பதுதான் அகஸ்தியர். குழந்தைகளுக்குக் காட்டலாம்.

இப்படிப்பட்ட வறண்ட பிரதேசத்துக்காக யார் சண்டை போடுவார்கள் என்று கேட்பீர்கள். அங்கேதான் விஷயம் இருக்கிறது.

அராக்கிஸின் மணலில் மெலாஞ்ச் என்று ஒரு வஸ்து கிடைக்கிறது. ஜனங்கள் அதைச் சுருக்கமாக 'மசாலா' என்று சொல்கிறார்கள். லவங்கப் பட்டையின் வாசனை. சாப்பிட்டால் ஆயுள் நீளும். அதிகம் சாப்பிட்டால் கண்ணின் வெள்ளைகூட நீலமாகிவிடும். ஒரு முறை பழகிவிட்டாலோ பிறகு விட முடியாது. விட்டால் பிராணனுக்கே ஆபத்து. காப்பியை விட முடியாமல் தவிக்கிறவர்கள் இதைப் புரிந்துகொள்வார்கள். ஆனால் காப்பியை விட்டு யாரும் செத்ததில்லை.

ஆயுள் நீள்வது மட்டும் என்றால் பணக்காரர்களின் பைத்தியம் என்று விட்டுவிடலாம். அதைவிடப் பெரிய காரணம் ஒன்று உண்டு. ஹெர்பர்ட் காட்டும் எதிர்காலத்தில் மனிதனைப் போல் சிந்திக்கிற இயந்திரங்களை ஜனங்கள் முற்காலத்திலேயே ஒரு புரட்சி செய்து உடைத்து எறிந்துவிட்டார்கள். கணக்குப் போடும் இயந்திரம் வைத்திருப்பதே அங்கே பெரும் பாவம். அப்படியானால் நட்சத்திரத்துக்கு நட்சத்திரம் கப்பல் ஓட்டுவது எப்படி? மசாலாவை உண்டு உண்டு, வரப் போவதைக் கொஞ்சம் முன்கூட்டியே உணரும் சக்தி பெற்ற மாலுமிகள் இருக்கிறார்கள். அவர்கள்தான் ஆபத்தில்லாத வழியைக் கண்டு கப்பலைச் செலுத்துகிறார்கள். மசாலா இல்லாவிட்டால் மாலுமி இல்லை. மாலுமி இல்லாவிட்டால் கப்பல் இல்லை. கப்பல் இல்லாவிட்டால் சாம்ராஜ்யம் இல்லை. ஆயிரக்கணக்கான கிரகங்களும் தனித்தனித் தீவுகளாகிவிடும். அந்த மசாலாவோ பிரபஞ்சத்தில் வேறெங்கும் விளைவதில்லை.

ஆகவேதான் சக்கரவர்த்தி அராக்கிஸை யாரிடம் ஒப்படைக்கிறார் என்பது பெரிய விஷயம். எண்பது வருஷ காலம் ஹார்க்கோனன் என்ற கொடிய குடும்பம் அதைக் கறந்துகொண்டிருந்தது. பிறகு சக்கரவர்த்தி அதை லீட்டோ பிரபு என்ற நல்லவரிடம் கொடுக்கிறார். நல்லவருக்கு நல்லது செய்கிறார் என்று நினைக்காதீர்கள். பிரபுவுக்கு ஜனங்களிடையே செல்வாக்கு வளர்ந்து வருகிறது. அதை வேரோடு பிடுங்க ஒரு சூழ்ச்சி.

பிரபுவின் துணைவிதான் நாம் ஜன்னலருகில் பார்த்த ஜெஸிகா. கல்யாணம் ஆன மனைவி அல்ல. என்றைக்காவது ராஜதந்திரத்துக்காக ஓர் இளவரசியை மணக்க வேண்டி வந்தால் வழி திறந்திருக்க வேண்டும் என்று பிரபு அவளை மணக்காமலே வைத்திருக்கிறார். ஜெஸிகா இதைத் தெரிந்துகொண்டே அவரை நேசிக்கிறாள். அவள் பெண்களே நடத்துகிற ஒரு மடத்தில் வளர்ந்தவள். பெண் குழந்தைதான் பெற வேண்டும் என்பது மடத்தின் கட்டளை. தலைமுறை தலைமுறையாக இன்னார்க்கு இன்னார் என்று ஜோடி சேர்த்து, சம்பந்தம் பேசி, ஒரு மகா புருஷனை உண்டாக்க மடம் திட்டம் போட்டிருக்கிறது. அந்தத் திட்டத்தில் இவள் ஒரு கண்ணி. ஆனால் பிரபு ஆண் குழந்தைக்கு ஆசைப்பட்டார். அவருக்காக ஆணைப் பெற்றாள். அந்த ஒரு மீறலில் பிரபஞ்சத்தின் சரித்திரமே தடம் மாறிவிடுகிறது. பையனுக்குப் பெயர் பால். தண்ணீரே கிடைக்காத ஊரில் பால்! அது ஆங்கிலப் பெயர். நாம் என்ன செய்ய முடியும்?

புது வீட்டில் ஜெஸிகா இரண்டு விஷயங்களைக் காண்கிறாள். ஒன்று, பூட்டிய கதவுக்குப் பின்னால் ஒரு கண்ணாடி அறை. உள்ளே நீர்வளம் மிக்க உலகங்களிலிருந்து கொண்டு வந்த செடி கொடிகள், நடுவில் நீரூற்று. வெளியே ஜனங்கள் ஒரு மடக்குக்கு அலைகிறார்கள். இங்கே தண்ணீர் விளையாடுகிறது. மற்றொன்று, விருந்து வழக்கம். அராக்கிஸில் பெரிய மனிதர் வீட்டு விருந்தென்றால், வருகிறவர்கள் கை கழுவிய பிறகு கோப்பைத் தண்ணீரைத் தரையிலே கொட்டி, துவாலையால் துடைத்து எறிய வேண்டும். 'எனக்கு இவ்வளவு தண்ணீர் இறைக்க முடியும்' என்ற பெருமை. விருந்து முடிந்ததும் அந்தத் துவாலைகளைப் பிழிந்து, வாசலில் காத்துக் கிடக்கும் பிச்சைக்காரர்களுக்கு அழுக்குத் தண்ணீரை விலைக்கு விற்பார்கள்.

இந்த இடத்தைப் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. கதாசிரியர்கள் கொடுங்கோலனைக் காட்ட வேண்டுமானால் சாட்டையும் சிறைச்சாலையும் காட்டுவது வழக்கம். ஹெர்பர்ட் ஓர் ஈரத் துவாலையைக் காட்டுகிறார். லீட்டோ பிரபு இந்த வழக்கத்தை நிறுத்திவிடுகிறார். விருந்து நடக்கும்போது வாசலுக்கு வருகிறவர்களுக்கு ஆளுக்கு ஒரு கரண்டித் தண்ணீர் இலவசம் என்று உத்தரவிடுகிறார். விருந்துக்கு வந்த தண்ணீர் வியாபாரியின் முகம் போன போக்கை நீங்கள் ஊகித்துக்கொள்ளலாம்.

இந்த மாதிரி யோசனையெல்லாம் ஒரு மனிதருக்கு எங்கிருந்து உதித்தது? பாலைவனத்தில் பிறந்தவரா? இல்லை. 1920-ல் அமெரிக்காவின் வடமேற்கு மூலையில், மழைக்குப் பெயர் போன வாஷிங்டன் மாகாணத்தில் பிறந்தவர். பத்திரிகை நிருபர் வேலை பார்த்தவர். 1957-ல் பக்கத்து மாகாணமான ஆரெகானில், கடலோரத்திலுள்ள பிளாரன்ஸ் என்ற ஊருக்கு ஒரு கட்டுரைக்காகப் போனார். அங்கே கடற்கரை மணல் காற்றில் நகர்ந்து வந்து சாலைகளை மூடிக்கொண்டிருந்தது. சர்க்கார் விவசாய இலாகாவினர் ஒரு ஜாதிப் புல்லை நட்டு மணலைத் தடுத்து நிறுத்திக்கொண்டிருந்தார்கள். சிறிய விமானத்தில் ஏறி மேலிருந்து பார்த்தார் ஹெர்பர்ட். கடலலை போலவே மணலலை! வேகம் மட்டும்தான் குறைவு. அவர் மனம் அதிலேயே சிக்கிக்கொண்டது. எழுத வந்த கட்டுரை கடைசி வரையில் அச்சேறவில்லை. அதற்காகச் சேர்த்த குறிப்புகள் மட்டும் பெருகிக்கொண்டே போய், சுமார் ஆறு வருஷம் கழித்து ஒரு கிரகமாகிவிட்டன.

அந்த ஆறு வருஷமும் வீட்டில் அடுப்பு எரிந்தது எப்படி? அவர் மனைவி பெவர்லி அம்மாள் பெரிய ஜவுளி, சாமான் கடைகளுக்கு விளம்பரம் எழுதிச் சம்பாதித்தார். பெரிய புத்தகங்களின் பின்னால் இப்படி ஒரு சம்பளக் கவர் இருப்பது அபூர்வமல்ல. அட்டையில் பெயர் வருவதுதான் அபூர்வம். ஹெர்பர்ட் நன்றி மறக்கவில்லை. 1984-ல் அந்த அம்மாள் காலமானார். 1985-ல் வந்த ஆறாவது 'டியூன்' நாவலின் கடைசிப் பக்கங்களை அவர் மனைவியின் நினைவுக்கே ஒதுக்கிவிட்டார். மறு வருஷமே அவரும் போய்விட்டார்.

கதை முதலில் வந்தது தொடர்கதையாகத்தான்! அனலாக் என்ற மாதப் பத்திரிகையில் 1963 டிசம்பரிலிருந்து மூன்று மாதம் ஒரு பாகம், 1965 ஜனவரியிலிருந்து ஐந்து மாதம் மறு பாகம். நடுவில் ஏறக்குறைய ஒரு வருஷம் இடைவேளை. 'அடுத்த இதழில்' என்ற வரியைப் பார்த்து ஏங்குகிற உங்களுக்கு அந்த வாசகர்களின் கஷ்டம் தெரியும். புத்தகமாகப் போட இருபதுக்கு மேற்பட்ட பதிப்பாளர்கள் மறுத்துவிட்டார்கள். முடிவில் ஏற்றுக்கொண்டது சில்டன் என்ற கம்பெனி. மோட்டார் கார் ரிப்பேர் செய்வது எப்படி என்று புத்தகம் போடுகிறவர்கள்! முதலில் விற்பனை மந்தம். 1966-ல் ஹியூகோ, நெபுலா என்ற இரண்டு பெரிய பரிசுகளும் கிடைத்தன.

கதைக்குத் திரும்புவோம். சூழ்ச்சி பலித்துவிடுகிறது. காட்டிக் கொடுத்தவர் யார் என்று நினைக்கிறீர்கள்? மரங்களுக்குக் கணக்குப் போட்டாரே, அந்த வைத்தியர்தான். அவருடைய மனைவியை எதிரிகள் பிடித்து வைத்திருந்தார்கள். பிரபு இறந்துபோக, ஜெஸிகாவும் பதினைந்து வயதுப் பாலும் பாலைவனத்துக்குள் ஓடுகிறார்கள். நாவலின் உயிரான பகுதி இங்கேதான் ஆரம்பிக்கிறது.

பாலைவனத்தில் பிரெமன் என்ற ஜாதியார் குகைகளில் வாழ்கிறார்கள். நகரத்தார் அவர்களைக் காட்டுமிராண்டிகள் என்று நினைக்கிறார்கள். அவர்கள் அணியும் உடுப்பைப் பாருங்கள். உடம்பில் சுரக்கிற வேர்வை, மூச்சுக் காற்றிலுள்ள ஈரம், இன்னும் வாரப் பத்திரிகையில் விவரிக்கத் தேவையில்லாத மற்ற எல்லாவற்றையும் அது பிடித்து வடிகட்டி, குடிநீராக்கிப் பைகளில் சேர்த்துவிடும். கழுத்தருகே உள்ள குழாயில் வாய் வைத்து உறிஞ்சிக்கொள்ளலாம். சரியாக அணிந்தால் ஒரு நாளில் நஷ்டமாகிற ஈரம் தையற்காரன் விரல் கவசம் கொள்கிற அளவுதான்.

அவர்களிடையே ஒருவர் எதிரில் எச்சில் துப்புவது மரியாதை! தன் உடம்பின் ஈரத்தையே காணிக்கையாகத் தருகிறார் அல்லவா? பிரெமன் தலைவன் ஸ்டில்கார் முதன்முதலில் லீட்டோ பிரபுவைப் பார்க்க வந்தபோது மேஜை மேல் துப்பினான். பிரபுவின் ஆட்கள் கத்தியை உருவப் போய்விட்டார்கள். விஷயம் தெரிந்த ஒருவன் தடுத்து, பதிலுக்குத் தானும் துப்பியதால் சமாதானமாயிற்று. வழக்கம் தெரியாமல் சம்பந்தி வீட்டில் திண்டாடுகிறவர்களுக்கு இந்தக் கட்டம் ருசிக்கும்.

இறந்தவனுடைய உடலும் வீணாவதில்லை. 'உடல் அவனுடையது, உடலின் தண்ணீர் குலத்தினுடையது' என்பது அவர்கள் சட்டம். கேட்கும்போது நமக்கு உடம்பு கூசுகிறது. ஆனால் அங்கே வேறு வழி என்ன? ஜாமிஸ் என்ற பிரெமன் வீரன் பாலைச் சண்டைக்கு இழுத்து, அதில் மாண்டுபோகிறான். அவன் உடலிலிருந்து 33 லிட்டருக்குச் சற்று அதிகமாகத் தண்ணீர் கிடைக்கிறது. சொட்டுக் கணக்கு வரையில் அளந்து சொல்லுகிறார்கள். ஜெயித்தவன் என்ற முறையில் அதற்குரிய உலோக வளையங்கள் பாலிடம் வருகின்றன. அந்த வளையங்கள்தான் அவர்களுக்குப் பணம். ஒன்றோடொன்று உரசிச் சத்தம் போடாமல் துணியில் முடிந்து வைத்துக்கொள்வது பெண்களுக்குக் கைவந்த வித்தை. பால் விவரம் தெரியாமல் சானி என்ற பெண்ணிடம் தன் வளையங்களை வைத்திருக்கச் சொல்லுகிறான். சுற்றி நின்றவர்களிடம் ஒரு மெல்லிய சிரிப்பு எழுகிறது. ஒருத்தி கையில் தன் தண்ணீரைக் கொடுப்பது அங்கே பிரியம் சொல்லுவது மாதிரி! முந்தானையில் காசு முடிகிற நம் பாட்டிமார்களுக்கு இந்தச் சிரிப்பை விளக்க வேண்டியதில்லை.

அதற்குச் சற்று முன்னால், ஜாமிஸின் இறுதிச் சடங்கில் இன்னொன்று நடக்கிறது. பால் அதற்கு முன் யாரையும் கொன்றதில்லை. ஜாமிஸை நினைத்துப் பேசும்போது அவன் கன்னத்தில் கண்ணீர் வழிகிறது. கூட்டம் திகைத்துப் போகிறது. செத்தவனுக்கு இவன் தன் உடம்பின் தண்ணீரைக் கொடுக்கிறானே என்று ஒருவர் காதில் ஒருவர் ஓதுகிறார்கள். பயபக்தியோடு அவன் கன்னத்தைத் தொட்டுப் பார்க்கிறார்கள். நம் கதைகளில் கண்ணீருக்குக் குறைவே இல்லை. இந்தத் தொடரில் அழுகிறவள் அடுத்த தொடரிலும் அழுவாள். ஒரு சொட்டுக் கண்ணீர் எவ்வளவு பெறும் என்று விலை போட்டுக் காட்டிய கட்டத்தை நான் வேறெங்கும் படித்ததில்லை.

பிறகு அவர்கள் பாலையும் ஜெஸிகாவையும் பூமிக்கடியில் ஒரு நீர்த்தேக்கத்துக்கு அழைத்துப் போகிறார்கள். கும்மிருட்டில் தண்ணீரின் சலசலப்பு. ஏறக்குறைய 38 கோடி லிட்டர்! இப்படி இன்னும் பல இடங்களில் சேர்த்து வைத்திருக்கிறார்களாம். தாகத்தால் தவிக்கிறவன்கூட அதில் கை வைக்க மாட்டான். எதற்காக? ஒரு நாள் இந்தக் கிரகத்தில் புல் முளைக்க வேண்டும், மரம் நிற்க வேண்டும், பேரன் பேத்திகள் திறந்த வெளியில் நடக்க வேண்டும் என்பதற்காக. இந்த ஆசையை அவர்களுக்கு ஊட்டியவர் கைன்ஸ் என்ற விஞ்ஞானி. கிரகத்தில் நூற்றுக்கு மூன்று பங்கு பசுமை உண்டாக்கிவிட்டால் போதும், பிறகு அது தானே பெருகும் என்று அவர் கணக்கிட்டார். ஆகும் காலம் முந்நூறிலிருந்து ஐந்நூறு வருஷம். தாம் பார்க்கப் போவதில்லை, தம் பிள்ளை பார்க்கப் போவதில்லை என்று தெரிந்தே ஜனங்கள் ஒப்புக்கொண்டு சேமிக்கிறார்கள்.

இனிமேல்தான் முடிச்சு. மசாலா எப்படி உண்டாகிறது? அந்தப் பாலைவனத்தில் பிரம்மாண்டமான மணற்புழுக்கள் இருக்கின்றன. 400 மீட்டருக்கு மேல் நீளமுள்ளதுகூட உண்டாம்! பிரெமன்கள் கொக்கி போட்டு அதன் முதுகில் ஏறிச் சவாரி செய்கிறார்கள், தெய்வமாகவும் கும்பிடுகிறார்கள். அந்தப் புழுவின் குஞ்சுப் பருவம் மணலுக்கடியில் இருக்கிறது. தண்ணீர் எங்கே இருந்தாலும் சுற்றி வளைத்து அடைத்துவிடுவது அவற்றின் குணம். கிரகம் வறண்டு கிடப்பதே அவற்றால்தான். அவற்றின் கழிவும் ஆழத்து நீரும் கலந்து புளித்து, பொங்கி, வெடித்து மேலே வந்து வெயிலில் காய்ந்தால் மசாலா. மரமே இல்லாத கிரகத்தில் மூச்சு விடக் காற்றுக் கொடுப்பதும் புழுக்கள்தான். வளர்ந்த புழுவுக்கோ தண்ணீர் விஷம், பட்டால் சாவு.

ஆகவே ஜனங்கள் ஆசைப்பட்டபடி கிரகம் குளிர்ந்தால் புழு போய்விடும். புழு போனால் மசாலா போய்விடும். மசாலா போனால் சாம்ராஜ்யம் முழுவதும் நின்றுவிடும். கொலுவில் கீழ்ப்படியை உருவினால் மேல்படிப் பொம்மைகள் என்ன ஆகும்? பால் இதைத்தான் பிடித்துக்கொள்கிறான். பிரெமன்களின் தலைவனாகி, சக்கரவர்த்தியின் படையை முறியடித்து, 'மசாலாவையே ஒழித்துவிடுவேன், சம்மதமா?' என்று கேட்கிறான். மாலுமிகள் நடுங்கிப் பணிகிறார்கள். சக்கரவர்த்தியின் மகளை மணந்து சிம்மாசனம் ஏறுகிறான். சானி? ஜெஸிகா இருந்த ஸ்தானத்திலேயே சானியும் நிற்கிறாள். மாமியாரும் மருமகளும் ஒருவர் நிலையை ஒருவர் அறிந்தவர்களாக நிற்கும் அந்தக் கடைசிக் கட்டத்தை எழுதியவர் ஓர் ஆண்பிள்ளை என்பது எனக்கு ஆச்சரியமாகவே இருக்கிறது.

வெற்றி, சுபம் என்று புத்தகத்தை மூடுகிறவர்கள் அடுத்த பாகத்தையும் படிக்க வேண்டும். 1969-ல் வந்த 'டியூன் மெஸையா'வில் பால் தானே தன் வெற்றியின் கணக்கைச் சொல்லுகிறான். அவன் பெயரைச் சொல்லி அவன் பக்தர்கள் நடத்திய போர்களில் மாண்டவர்கள் 6,100 கோடிப் பேர். உயிரே இல்லாமல் பொசுங்கிப்போன கிரகங்கள் 90. முதல் நாவலிலேயே இந்த எச்சரிக்கை இருக்கிறது. பாலைவனத்தில் உயிர் விடும் இளைய கைன்ஸின் காதில் அவர் தகப்பனார் குரல் கேட்கிறது. ஒரு மகாவீரன் கையில் சிக்குவதைவிடப் பெரிய விபத்து உன் ஜனங்களுக்கு வராது என்கிறது அந்தக் குரல். பலர் இதைக் கவனியாமல் பாலைக் கொண்டாடினார்கள். ஹெர்பர்ட்டுக்கு அதில் வருத்தம்தான்.

கிரகம் பசுமையாயிற்றா? ஆயிற்று. 1981-ல் வந்த நான்காவது நாவலில், மூவாயிரத்து ஐந்நூறு வருஷங்களுக்குப் பிறகு, அராக்கிஸில் ஆறு ஓடுகிறது, காடு நிற்கிறது. புழுக்கள் இல்லை. பிரெமன்களும் இல்லை. அவர்கள் சந்ததியார் பழைய உடுப்பைப் போட்டுக்கொண்டு, அர்த்தம் மறந்த சடங்குகளை வேடிக்கை பார்க்க வருகிறவர்களுக்குச் செய்து காட்டிப் பிழைக்கிறார்கள். அவர்கள் பாட்டன்மார் தாகத்தோடு சேமித்த தண்ணீர் வந்துவிட்டது. சேமித்த ஜனங்கள்தான் காணாமல் போய்விட்டார்கள்.

இந்தக் கற்பனைக் கிரகத்தை உண்மை விஞ்ஞானிகளும் விட்டுவைக்கவில்லை. 2021-ல் இங்கிலாந்தில் பிரிஸ்டல் பல்கலைக் கழகத்தைச் சேர்ந்தவர்கள் உள்ளிட்ட சில நிபுணர்கள் நம் பூமியின் சீதோஷ்ணத்தை ஆராயும் அதே கணிப்பொறி முறையில் அராக்கிஸையும் போட்டுப் பார்த்தார்கள். மனிதர் வாழலாம், ஆனால் கஷ்டம் என்று விடை வந்தது. ஹெர்பர்ட் ஜனங்களைத் துருவத்தை நோக்கி வடக்கே குடியேற்றியிருந்தார். கணக்கோ பூமத்திய ரேகைப் பக்கம்தான் கொஞ்சம் தாங்கும் என்றது. சனிக் கிரகத்தின் பெரிய சந்திரனான டைட்டனில் காஸினி விண்கலம் மெய்யாகவே மணற்குன்றுகளைக் கண்டுபிடித்தது. அங்கேயுள்ள சமவெளிகளுக்கு ஹெர்பர்ட்டின் கிரகங்களுடைய பெயர்களையே வைத்திருக்கிறார்கள். அராக்கிஸ் சமவெளி என்று ஒன்று இப்போது வானசாஸ்திரப் படத்தில் இருக்கிறது. சினிமாவாகவும் 1984-ல் ஒரு முறை, பிறகு 2021-லும் 2024-லும் இரண்டு பாகங்களாக எடுத்தார்கள். பின்னதற்கு ஜோர்டானிலும் அபூதாபியிலும் உள்ள பாலைவனங்கள் அராக்கிஸ் வேஷம் போட்டன. பார்க்க அழகுதான். ஆனால் துவாலை பிழிகிற காட்சியைக் காணோம். எனக்கு அது ஒரு குறை.

ஆரெகான் கடற்கரைக்கு என்ன ஆயிற்று என்று சொல்லவில்லையே. அங்கே நட்ட புல் ஐரோப்பாவிலிருந்து கொண்டு வந்தது. அது தன் வேலையை ரொம்ப நன்றாகவே செய்தது. கடலோரத்தில் புல் மணலைப் பிடித்து ஒரு நீண்ட மேடாக்கிவிட்டது. மேடு தடுத்ததால் உள்ளே இருந்த குன்றுகளுக்குப் புது மணல் வருவது நின்றது. பின்னால் புதரும் மரமும் முளைத்தன. சுமார் 65 கிலோ மீட்டர் நீளத்துக்குப் பரவியிருந்த மணற்குன்றுகள் வருஷா வருஷம் பச்சைக்கடியில் மறைந்துகொண்டே வந்தன. திறந்த மணலில் மட்டுமே முட்டையிடுகிற ஒரு சின்னஞ்சிறு கடற்கரைப் பறவைக்கு இடம் இல்லாமற்போய், 1993-ல் அது அழிவை நெருங்கும் பறவைகளின் ஜாபிதாவில் சேர்க்கப்பட்டது. இப்போது அதே கரையில் வனத்துறையினரும் உள்ளூர்த் தொண்டர்களும், மணல் மறுபடியும் நகர வேண்டும் என்பதற்காக, அந்தப் புல்லை வேரோடு பிடுங்கிக்கொண்டிருக்கிறார்கள். லேசில் வருகிற புல் அல்ல அது. ஒரு பக்கம் பிடுங்கினால் மறுபக்கம் முளைக்கிறது.